வேரை வெட்டச் சொன்னவர்

வல்லிபுரம் கிராணியார் காலமான செய்தி வந்தபோது நான் பயற்றங்கொடிக்குக் கம்பு ஊன்றிக்கொண்டிருந்தேன். கொண்டுவந்தவர் அவருடைய மருமகன் தர்மலிங்கம். லாபிஸ் ரயில் ஸ்டேஷனில் கிளார்க்கு. சாதுவான மனிதர். வெள்ளிக்கிழமை காலை ரயிலில் இறங்கி, எங்கள் எஸ்டேட்டுக்கு வெயிலில் நடந்தே வந்து, பங்களாவின் பின்பக்கம் என் முன்னால் நின்றார்.

"மாமா போயிட்டார்," என்றார்.

"எப்பங்க?"

"செவ்வாய்க்கிழமை. மத்தியானம் சாப்பிட்டிட்டுக் கதிரையிலை இருந்தவர். மாமி தண்ணி கொண்டுபோய் நீட்ட, வாங்கேல்லை."

இப்படிச் சேதி கேட்டால் சொல்ல வேண்டியதை நானும் சொன்னேன். கையைக் கழுவினேன். வருத்தம் வருகிறதா என்று ஒரு நிமிஷம் பார்த்தேன். வரவில்லை. உடனே கம்பை எடுத்தால் அவர் தப்பாக நினைப்பாரே என்று சும்மா நின்றேன்.

தர்மலிங்கம் சட்டைப் பையிலிருந்து மடித்த காகிதம் ஒன்றை எடுத்தார். யாழ்ப்பாணத்தாருக்கு ஒரு வழக்கம் உண்டு. ஆள் போன முப்பத்தோராம் நாள் அந்தியேட்டி செய்து, இறந்தவரின் பெருமையைக் கல்வெட்டு என்ற பெயரில் சின்னப் புத்தகமாக அச்சடித்து வந்தவர்களுக்குக் கொடுப்பார்கள். அதற்கு எழுதியதை எனக்கு வாசித்துக் காட்டினார். பிறந்த ஊர், படித்த பள்ளி, கப்பல் ஏறிய கதை எல்லாம் இருந்தது. பிறகு இது வந்தது:

"ஜொகூர் மண்ணில் காரட் விளைவித்த முதல் தமிழர் இவரே. எழுத்தறியாத தோட்டக்காரன் ஒருவன் நாற்றின் ஆணிவேரை வெட்டிப் பயிரைப் பாழாக்கியபோது, தமது கூரறிவால் பிழையைக் கண்டு திருத்தி, துரைசானியின் பாராட்டைப் பெற்றார்."

அந்த இடத்தில் அவருக்குக் கொஞ்சம் சிரிப்பு வந்தது. தலை நிமிர்ந்து என் முகத்தைப் பார்த்ததும் சிரிப்பு நின்றது.

"அந்தத் தோட்டக்காரன் நீங்கள்தானோ?"

"நாந்தாங்க."

"குறை நினையாதையுங்கோ. பகிடிக்கு எழுதினது. நீங்களும் அவரைப் பற்றி நாலு வார்த்தை சொன்னால் சேர்ப்பம்."

தருகிறேன் என்றேன். இதுதான் அந்த நாலு வார்த்தை. எனக்கு எழுதப் படிக்கத் தெரியாது. நான் சொல்ல எஸ்டேட் பள்ளிக்கூடத்து வாத்தியார் எழுதுகிறார். பேச்சை எழுத்தாக்கிக்கொள்ளட்டும், விஷயத்தில் கை வைக்கக் கூடாது என்று சொல்லியிருக்கிறேன்.

அவரோடு வேலை பார்த்தவர்களுக்கு அவர் எப்படிப்பட்டவர் என்று நான் சொல்லத் தேவையில்லை. ஆனாலும் புத்தகம் என்றால் தெரியாதவர்கள் கையிலும் போகும். இருபது வருஷத்துக்கு மேல் அவர் எங்கள் எஸ்டேட்டின் பெரிய கிராணி, ஆபீஸ் கணக்கும் ஆள் கணக்கும் அவர் கையில். வெள்ளைக் கோட்டு, தொப்பி, மழைக்கும் வெயிலுக்கும் ஒரே குடை. இருபது வருஷம் மண்ணின் மேல் நின்று, நகக்கண்ணில் ஒரு பொட்டு மண் படாமல் வீட்டுக்குப் போன மனிதர் இந்த ஜில்லாவில் அவர் ஒருவர்தான். தம்முடைய பொருள் எதுவானாலும் அதில் தம் பெயரின் இரண்டு இங்கிலீஷ் எழுத்தைப் போட்டுவிடுவார். குடைப்பிடியில் சுட்டது, நாற்காலி முதுகில் கீறியது, சாப்பாட்டுத் தூக்கின் அடியில் ஆணியால் அடித்தது. அவருடைய தூக்கை எடுத்து நாங்கள் என்ன செய்யப் போகிறோம்? அவருடைய சாப்பாட்டில் உறைப்பே இருக்காது என்று பங்களாச் சமையல்காரனே சொல்லுவான்.

அவர் அடிக்கடி சொல்லும் வாக்கு இரண்டு. ஒன்று, "கூலிக்குக் கை, கிராணிக்குத் தலை." மற்றது, "அச்சிலை வந்தது பொய்க்காது." இப்போது அவரே அச்சில் வரப்போகிறார். அதனால்தான் நான் வாயைத் திறக்க வேண்டியிருக்கிறது.

சீமையில் நடந்த பெரிய சண்டை முடிந்த மறு வருஷம் எங்களுக்குப் புதுத் துரை வந்தார், கூடவே அவருடைய துரைசானியும். அப்போது நான் பங்களாத் தோட்டத்தில் இருந்தேன். அந்த வேலை எனக்குக் கிடைத்தது என் காலால். லாலான் புல் வெட்டும்போது முழங்காலுக்குக் கீழே பட்ட வெட்டு, புண்ணாகி, எலும்பு தெரியும் வரை போய்விட்டது. சமதரையில் நடந்தால் ஆறி மூடிக்கொள்ளும். மலைக்காட்டில் படிப்படியாக ஏறிப் பால்மரம், அதுதான் ரப்பர் மரம், சீவினால் ரெண்டாம் நாளே வாயைத் திறக்கும். இன்னொரு முறை திறந்தால் ஆஸ்பத்திரியில் காலை எடுத்துவிடுவார்கள் என்று மருந்து கட்டும் எஸ்டேட் டிரெஸ்ஸர் சொல்லிவிட்டார். பழைய துரை இரக்கப்பட்டு என்னைத் தோட்டத்தில் போட்டார். தோட்டம் இருந்தால் கால் இருக்கும். மலைக்காடு என்றால் கால் போகும். என் கணக்கு அவ்வளவுதான்.

புதுத் துரைசானிக்கு ஊர் ஞாபகம். அவர்கள் நாட்டில் இலை உதிரும் காலத்தில் காரட், பூசணி எல்லாம் பிடுங்கி, கோயிலில் வைத்துக் கும்பிட்டு, பிறகு விருந்து வைப்பார்களாம். இங்கேயும் அந்த மாசத்தில் தன் கையால் காரட் பிடுங்கி, பக்கத்து எஸ்டேட் துரைமாருக்கு விருந்து வைக்க வேண்டும் என்று ஆசைப்பட்டாள். சீமையிலிருந்து தகர டப்பாவில் விதை வந்தது. இந்த உஷ்ண மண்ணில் காரட் வருமா என்று துரைக்கே சந்தேகம். கிராணியாருக்குச் சந்தேகம் என்பதே கிடையாது. கேட்பதற்கு முன்னாலேயே தாம் விளைவித்துத் தருவதாக ஒப்புக்கொண்டுவிட்டார்.

டப்பாவோடு என்னிடம் வந்தார். "ஐப்பசியிலை இலை உதிரேக்கை மேசையிலை காரட் இருக்கவேணும். விளங்கிச்சுதோ?"

"இங்க தை மாசியிலதானுங்களே பால்மரம் இலை உதிரும்," என்றேன்.

"சீமைக் காலத்தைத் திருத்த வந்தனியோ நீ? ஐப்பசியிலை காரட் இல்லையெண்டால் நீ மலைக்காட்டிலை. அவ்வளவுதான் கதை."

ஜொகூரில் ஐப்பசியில் விழுவது மழை மட்டும்தான். ஆனால் மலைக்காடு என்ற வார்த்தையைக் கேட்டதும் டப்பாவை வாங்கிக்கொண்டேன்.

இந்த இடத்தில் அவருடைய பெரிய புகழைப் பற்றிச் சொல்ல வேண்டும். பால்மரக் கன்றை நாற்றுமேடையில் வளர்த்து, பிடுங்கி, ஆணிவேரை ஒரு சாண் விட்டு வெட்டி, தலையையும் கழித்து, குச்சியாகக் குழியில் நடுவது எங்கள் எஸ்டேட் முறை. பழைய துரையின் காலத்தில் அப்படி நட்ட காடு நன்றாகப் பிடித்தது. வெட்டியவர்கள் நாங்கள், நட்டவர்கள் நாங்கள், தண்ணீர் சுமந்தவர்கள் பெண்கள். புத்தகத்தில் எழுதியவர் கிராணியார். ஆகவே அது கிராணியார் நட்ட காடு ஆயிற்று. அன்றிலிருந்து நாற்று என்றால் தமக்குத்தான் தெரியும் என்று ஒரு நினைப்பு.

காரட்டையும் அப்படியே செய்தார். ஆனி மாசம் நாற்றுமேடை போடச் சொன்னார், மேலே அத்தாப்பு ஓலைப் பந்தல். பங்களாவின் முன்னால் மூன்று பாத்தி. அவற்றுக்கு ஒன்றாம் பீல்டு, ரெண்டாம் பீல்டு, மூன்றாம் பீல்டு என்று பெயர். ஒரு பாய் விரிக்கிற அகலத்துக்குப் பீல்டாம். கயிறு பிடித்து, முளை அடித்து, ஒவ்வொரு முளைக்கும் நம்பர் எழுதினார். ஒரு முளை அரை விரல் தள்ளி நிற்கிறது என்று குடை நுனியால் தட்டிக் காட்டி மூன்று தரம் பிடுங்கி அடிக்க வைத்தார். மூன்றாம் தரம் அடித்தது முதல் தரம் அடித்த அதே ஓட்டையில்தான். "இப்ப சரி," என்றார்.

நாற்று விரல் உயரம் வந்ததும் பிடுங்கச் சொன்னார். வேர் நூல் மாதிரி நீண்டு வெள்ளையாக இருந்தது.

"நுனியை வெட்டு," என்றார்.

"ஐயா, முள்ளங்கியைப் புடுங்கி நட்டாலே ரெண்டு காலு விட்டுடும். இது அந்த ஜாதிதானுங்களே."

"ஆணிவேரை வெட்டினால் பக்கவேர் நாலு பிடிக்கும். சாத்திரம் இது. ஆயிரக்கணக்கிலை பால்மரக் கண்டு நட்டனான் நான்."

"பால்மரத்துக்கு வேரு மண்ணைப் புடிச்சாப் போதுங்க. இதுல நாம திங்கப்போறதே வேருதானுங்களே, ஐயா."

அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். "உனக்கு அ எழுதத் தெரியுமோ?"

"தெரியாதுங்க."

"அப்ப வெட்டு."

என் கத்தி துருப்பிடித்தது, பட்டால் அழுகும் என்று சொல்லி, தம் சட்டைப் பையிலிருந்து பென்சில் சீவுகிற பேனாக்கத்தியை எடுத்துக் கொடுத்தார். மாட்டுக்கொம்புப் பிடி போட்ட நல்ல கத்தி. செத்த நாற்றுக்கு மாற்று நாற்று நடும்போதும் இதாலேயே வெட்ட வேண்டும், அறுவடை வரைக்கும் உன்னிடம் இருக்கட்டும், முடிந்ததும் துடைத்துத் தா என்றார். குடையைப் பிடித்துக்கொண்டு நின்று, நான் கடைசி நாற்றை வெட்டி முடிக்கும் வரை பார்த்தார். ஒரு நாற்றையும் தொடவில்லை.

வீட்டுக்குப் போய் என் மனைவி அஞ்சலையிடம் சொன்னேன். சோற்றை வைத்துக்கொண்டே கேட்டாள்.

"அந்தாளு சொல்றதைச் செஞ்சு தொலைங்க."

"விளையாது புள்ள."

"வேரை வெட்டினா வெட்டிட்டுப் போறாரு. உங்க காலை வெட்டாம இருந்தாச் சரி."

"விளையலேன்னா காலைத்தான் வெட்டுவாங்க."

அவள் கரண்டியைக் கீழே வைத்தாள். பிறகு, "டப்பாவுல வெதை மிச்சம் இருக்கா?" என்றாள்.

இருந்தது. மறுநாள் ஒரு சிட்டிகை எடுத்து வேட்டி முடிச்சில் கட்டிக்கொண்டேன். கேட்காமல் எடுத்தேன், திருடினேன் என்றே வாத்தியாரை எழுதச் சொல்லியிருக்கிறேன். பங்களாக் குளியலறையின் பின்னால், கட்டட வேலைக்குக் கொட்டிய ஆற்றுமணல் மிச்சம் கிடந்தது. அதைப் பரப்பி, அடுப்புச் சாம்பலும் மக்கின இலையும் கலந்து, விதையை மணலோடு சேர்த்துத் தூவினேன். குளித்த தண்ணீர் போகும் வாய்க்காலிலிருந்து கையால் அள்ளித் தெளித்தேன். முளைத்தது. நெருக்கத்தைக் கலைத்தேன். மற்றபடி தொடவில்லை. பால்மரத்துக்கு ஒரு நியாயம், கிழங்குக்கு ஒரு நியாயம். இதை அறிய அ எழுதத் தெரிய வேண்டியதில்லை.

முன்பக்கத்து மூன்று பீல்டும் மேலே பச்சையாக நின்றன. கிராணியார் தினம் சாயங்காலம் வந்து நிற்பார். "பார்த்தியோ? பார்த்தியோ?" என்பார். இலையைப் பார்த்துக் கிழங்கை எண்ணிய மனிதர் அவர்.

ஐப்பசியில் அந்த நாள் வந்தது. பக்கத்து எஸ்டேட்டுகளிலிருந்து இரண்டு துரைமாரும் அவர்கள் துரைசானிகளும் வந்திருந்தார்கள். எங்கள் துரைசானி வெள்ளைக் கையுறை போட்டுக்கொண்டு வந்தாள். சமையல்காரன், ஹைனான் சீனன், கூடையோடு பின்னால் நின்றான். கிராணியார் புதுக் கோட்டில், ஒன்றாம் பீல்டின் தலைமாட்டில், கல்யாண வீட்டு மாமனார் மாதிரி நின்றார்.

துரைசானி முதல் செடியைப் பிடுங்கினாள். நண்டு மாதிரி இருந்தது. இரண்டாவது, காலை மடக்கி உட்கார்ந்த கிழவன் மாதிரி. மூன்றாவதில் விரல் அளவு வேர் நாலு, ஒன்றோடொன்று முறுக்கிக்கொண்டு. கிராணியாரின் சாத்திரம் பொய்க்கவில்லை. நாலு வேர் பிடிக்கும் என்றார், நாலு வேர் பிடித்திருந்தது. சமையல்காரன் கூடையில் வாங்கிப் பார்த்து, "இனி காக்கி ஆயாம்லா, மேம்," என்றான். இது கோழிக்கால் அல்லவா என்று மலாயில் சொன்னான். விருந்தாளிகள் வாயைப் பொத்திக்கொண்டார்கள். துரைசானியின் முகம் சிவந்துவிட்டது. துரை கிராணியாரைத் திரும்பிப் பார்த்தார்.

கிராணியாருக்கு இங்கிலீஷ் வேகமாக வரும். அன்று இன்னும் வேகமாக வந்தது. எனக்குப் பாஷை புரியாது. ஆனால் அவருடைய விரல் என்னை நோக்கி வந்தது, 'கூலி' என்ற சொல் மூன்று முறை வந்தது, கையால் வெட்டுவது போல ஒரு சைகை வந்தது. அதற்கு மேல் மொழிபெயர்ப்பு எதற்கு? துரை மலைப்பக்கம் பார்த்து ஏதோ கேட்டார். கிராணியார் தலையாட்டினார்.

நான் நொண்டிக்கொண்டே பின்பக்கம் போனேன். ஓடிவிட்டேன் என்றுதான் நினைத்திருப்பார்கள். மணலில் கையை விட்டுக் கொத்தாகப் பிடுங்கி, வாய்க்கால் தண்ணீரில் அலசிக் கொண்டுவந்து, துரைசானியின் கூடையில் போட்டேன். நீளம் என் நடுவிரல் அளவுதான். சீமையில் விளைவதற்கு இது பேரப்பிள்ளை மாதிரி இருந்திருக்கும். ஆனால் நேர். ஒவ்வொன்றும் ஒற்றை வேர், மெழுகுத்திரி மாதிரி. துரைசானி ஒன்றை எடுத்துக் கடித்தாள். அவளுக்குக் கண் கலங்கியது.

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். ஒரு மூச்சு நேரம்தான். அதற்குள் கிராணியார் கூடைக்கும் எனக்கும் நடுவில் வந்துவிட்டார். இங்கிலீஷில் பேசினார். 'பீல்டு நம்பர் நாலு' என்பது மட்டும் எனக்குக் காதில் விழுந்தது. மணல்மேட்டுக்கு அந்த நிமிஷம் நம்பர் பிறந்துவிட்டது. அது தாம் தனியாகப் போட்டுப் பார்த்த சோதனைப் பாத்தியாம்.

துரைசானி சந்தோஷமாக ஏதோ கேட்டாள். கிராணியார் விழித்தார். பிறகு என் பக்கம் திரும்பி, அதுவரை நான் கேட்டிராத இனிமையான குரலில் கேட்டார்.

"சடையன், நாலாம் பீல்டிலை நாங்கள் என்ன வித்தியாசமாய்ச் செய்தனாங்கள்?"

நாங்கள். அந்த வார்த்தையை இன்றைக்கும் வாயில் போட்டு மென்று பார்க்கிறேன்.

துரைசானிக்கு மலாய் தெரியும். எனக்கும் தெரியும். நேராக அவளிடமே சொல்லியிருக்கலாம். சொன்னால் அந்த ஒரு நாள் என்னுடையது. மறுநாள் காலையில் பெரட்டுக் களத்தில் ஆள் பெயர் வாசிப்பது யார்? மலைக்காட்டுக்கு என்று வாசிப்பது யார்? துரைசானி எனக்காகப் பெரட்டுக்கு வருவாளா? என் காலைப் பார்த்தேன்.

"வேரை வெட்டலீங்க, ஐயா," என்றேன்.

நான் சொன்னது அவ்வளவுதான். அவர் அதை இங்கிலீஷில் சொல்லி முடிக்க ஒரு கோப்பை தேத்தண்ணீர் குடிக்கிற நேரம் ஆயிற்று. முடித்ததும் விருந்தாளிகள் கை தட்டினார்கள். சமையல்காரன் மட்டும் என்னைப் பார்த்து உதட்டைப் பிதுக்கினான்.

மறுநாள் கிராணியார் தனியாக வந்தார். குடை விரிக்கவில்லை. "டேய்" போடாமல் கூப்பிட்டார்.

"துரைசானி ஒவ்வொரு வருஷமும் போடச் சொல்லிப்போட்டா. நீதான் போடவேணும்."

"சரிங்க."

"நடந்தது என்ரை ஏற்பாடு. நான் இருக்கும்வரைக்கும் உன்ரை வாயிலை வேறை கதை வரக்கூடாது. வராட்டில் இந்தத் தோட்டம் உனக்கு. வந்தால்..." என்று குடை நுனியால் மலைக்காட்டைக் காட்டினார்.

"நீங்க இருக்கிற வரைக்கும் சொல்லலீங்க," என்றேன்.

என் இடுப்பில் அவருடைய பேனாக்கத்தி செருகியிருந்தது. அவர் கண் அதில் விழுந்தது. கை கொஞ்சம் நீண்டது. பிறகு குடைப்பிடிக்கே திரும்பிப் போய்விட்டது. கேட்டால், எதற்குக் கொடுத்தேன் என்ற பேச்சும் கூட வரும். அதற்குப் பிறகு அவர் அந்தக் கத்தியை என் கையில் தினம் பார்த்தார். ஒரு நாளும் கேட்கவில்லை. குண்டூசியைக்கூட எண்ணி வைக்கிற மனிதர் அவர்.

இதோடு விட்டிருந்தால் நானும் இன்று விட்டிருப்பேன். காரட்டை அவர் விளைவித்ததாகச் சொல்லிக்கொள்ளட்டும். காட்டையும்தான் அவர் நட்டதாகச் சொன்னார். ஆனால் ஞாயிற்றுக்கிழமைகளில் காஹாங்கிலிருந்தும் யோங் பெங்கிலிருந்தும் கிராணிமார் வேடிக்கை பார்க்க வரத் தொடங்கினார்கள். அவர்களைப் பாத்தியோரம் நிறுத்திக் கதை சொல்வார். முதல் வருஷம் யாரோ வேரை வெட்டிவிட்டதாகச் சொன்னார். மூன்றாம் வருஷம் அந்த யாரோ நான் ஆனேன். ஐந்தாம் வருஷம் அவர் வேண்டாம் வேண்டாம் என்று தடுத்ததாகவும் நான் பிடிவாதமாக வெட்டியதாகவும் கதை வளர்ந்துவிட்டது. காரட்டைவிட அது நன்றாக வளர்ந்தது.

"இவன்தான் அந்த வேர்வெட்டி," என்று குடையால் என்னைக் காட்டுவார்.

அவர்கள் சிரிப்பார்கள். நானும் சிரிப்பேன், அந்த ஆளின் கத்தியைக் கையில் வைத்துக்கொண்டே.

அஞ்சலை துணி காயப்போடும் இடத்திலிருந்து ஒரு நாள் கேட்டுவிட்டாள். வீட்டில் என்னிடம், "சிரிச்சீங்களா?" என்றாள்.

"சிரிச்சேன்."

"நான் வெதையைக் கேட்டிருக்கக் கூடாது," என்றாள். அன்று அவள் சாப்பிடவில்லை.

வேர்வெட்டி என்ற பெயர் கிராணிமார் வீட்டிலிருந்து கடைக்கு வந்தது, கடையிலிருந்து நாங்கள் குடியிருக்கும் லயத்துக்கு வந்தது. என் மகனுக்குப் பெண் கேட்கப் போன இடத்தில், "வேர்வெட்டி வீட்டுச் சம்பந்தமா?" என்று கேட்டார்கள். அஞ்சலை போய் மூன்று வருஷம் ஆகிறது. அவளைத் தூக்கிக்கொண்டு போகும்போது வழியில் ஒருவன் யார் என்று கேட்க, இன்னொருவன், "வேர்வெட்டி பொண்டாட்டி," என்றான். என் காதில் விழுந்தது. அவள் ஒரு வேரையும் வெட்டியதில்லை. அந்த மணல்மேடு அவள் யோசனை.

கிராணியாரிடம் நல்லது ஒன்றுமே இல்லையா என்று வாத்தியார் எழுதுவதை நிறுத்திக் கேட்கிறார். ஒன்று உண்டு. ரப்பர் விலை விழுந்து, பாதி ஜனத்தைக் கப்பலேற்றி அனுப்பிய காலத்தில், நொண்டிக் காலோடு இருந்த என் பெயரில் அவர் கோடு போடவில்லை. கொடுத்த வாக்கைக் காப்பாற்றினார். என் கால் இன்னும் என்னோடுதான் இருக்கிறது. அதற்கு நன்றி சொல்லலாமே என்கிறார் வாத்தியார். சொல்ல மாட்டேன். கோடு போட்டிருந்தால் கப்பலேறும் வழியெல்லாம் நான் பேசிக்கொண்டு போயிருப்பேன். அது அவருக்குத் தெரியும். அதில் மட்டும் அவருக்குத் தலை வேலை செய்தது.

நானும் வாக்கைக் காப்பாற்றினேன். நீங்கள் இருக்கிற வரைக்கும் என்றேன். அவர் ஓய்வு பெற்று லாபிஸுக்குப் போன பிறகும் பேசவில்லை. என் மகனிடம்கூடச் சொல்லவில்லை. செவ்வாய்க்கிழமை மத்தியானம் அவர் தண்ணீரை வாங்கவில்லை. அதோடு என் வாக்கு முடிந்தது.

தர்மலிங்கம் வாசித்து முடித்ததும் நான் இடுப்பிலிருந்து கத்தியை எடுத்து அவர் கையில் கொடுத்தேன். திருப்பித் திருப்பிப் பார்த்தார். தேய்ந்த கொம்புப் பிடியின் அடியில் அவருடைய கட்டைவிரல் நின்றது.

"இது மாமாவின்ரை எழுத்தல்லோ?"

"என்னங்க எழுதியிருக்கு?"

இரண்டு எழுத்தையும் வாசித்தார். அத்தனை வருஷம் என் இடுப்பில் இருந்த எழுத்தின் சத்தத்தை நான் அன்றுதான் கேட்டேன்.

"இது எப்பிடி உங்களிட்டை?"

"குடுத்தாருங்க. வேரை வெட்டச் சொல்லி."

நான் கவிழ்த்து வைத்திருந்த தண்ணீர் வாளியின் மேல் அவர் உட்கார்ந்துவிட்டார். மாமனார் தன் பொருளை யாரிடமும் விட்டுவைக்கிறவர் அல்லர் என்று அவருக்கும் தெரியும். அவருடைய வீட்டுக் கரண்டியில்கூட அந்த எழுத்து இருக்குமாம். நடந்ததை எல்லாம் சொன்னேன். கத்தியைக் கொண்டுபோகிறீர்களா என்றேன்.

"உங்களிட்டையே இருக்கட்டும்," என்றார். எழுந்து, கால்சட்டையைத் தட்டிவிட்டு, "நீங்கள் சொல்லுறதை எழுதுவிச்சு அனுப்புங்கோ. ஒரு எழுத்தும் மாத்தமாட்டன்," என்று சொல்லிவிட்டுப் போனார். அவர் எழுதிக்கொண்டுவந்த காகிதத்தை வாளியடியிலேயே விட்டுவிட்டுப் போயிருந்தார். மறந்தாரா, விட்டாரா, தெரியவில்லை.

வல்லிபுரம் கிராணியாரிடமிருந்து எனக்கு மிஞ்சியது இந்தக் கத்தி. குடையை அவர் வீட்டார் வைத்துக்கொள்ளட்டும், புகழை மற்றக் கிராணிமார் வைத்துக்கொள்ளட்டும். நல்ல கத்தி, கூர் போகவில்லை. பயற்றங்காய் அறுப்பேன், கயிறு அறுப்பேன், வெற்றிலைக் காம்பு கிள்ளுவேன். வேரில் மட்டும் வைப்பதில்லை.

இது ஆனி மாசம். இந்த வருஷத்து விதையும் வந்துவிட்டது. நாளைக்கு மணலில் தூவ வேண்டும். கல்வெட்டில் அவர் பெயரை எவ்வளவு பெரிய எழுத்தில் வேண்டுமானாலும் போடுங்கள். இந்தப் பேச்சின் அடியில் என் பெயரையும் போடுங்கள். சின்ன எழுத்தே போதும். வேர்வெட்டி என்று போட வேண்டாம்.

சடையன், அஞ்சலை புருஷன், என்று போடுங்கள்.